அம்மாவிடம் யார் சொல்வது?

ஊர் மக்கள் கொடுத்த சில்லறைக் காசில் உருவான 'அம்ம அறியான்' படத்துக்கு இது நாற்பதாவது ஆண்டு. கேமரன் மலையில், ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்து வீட்டில் அதைப் போட்டுப் பார்த்த அனுபவம் இது.

ஒரு பையன் இறந்துவிட்டான். அவன் அம்மாவுக்கு இன்னும் தெரியாது. நண்பர்களுக்குத் தெரிந்துவிட்டது. யார் போய்ச் சொல்வது?

கதை இவ்வளவுதான். ஜான் ஆபிரகாம் இயக்கிய 'அம்ம அறியான்' என்ற மலையாளப் படம் இந்த ஒரே கேள்வியைச் சுமந்துகொண்டு ஏறக்குறைய இரண்டு மணி நேரம் நடக்கிறது. கறுப்பு வெள்ளைப் படம். டூயட் கிடையாது, சண்டைக் காட்சி கிடையாது, பெரிய நட்சத்திரம் யாரும் கிடையாது. 1986-இல் வெளிவந்தபோது வழக்கமான முறையில் கொட்டகைகளுக்குக்கூட அது போகவில்லை. ஆனாலும் இந்திய சினிமாவின் முக்கியமான படங்களைப் பட்டியலிடும்போதெல்லாம் அதன் பெயர் தவறாமல் வருகிறது.

பெயரிலேயே நமக்கு ஒரு வேடிக்கை இருக்கிறது. தமிழில் 'அறியான்' என்றால் 'அறியமாட்டான்' என்று பொருள். மலையாளத்தில் அது நேர் எதிர்: 'அறிவதற்காக'. 'அம்மா அறிவதற்கு' என்று கடிதத்தின் தலைப்பில் எழுதுவதுபோல வைத்த பெயர். படமே ஒரு மகன் தன் தாய்க்கு எழுதும் கடிதம்தான்.

இந்தப் படத்தைப் பற்றி எழுத எனக்குச் சொந்தக் காரணம் ஒன்று உண்டு. வானொலியில் 'ஒரு சிறிய இடைவேளைக்குப் பிறகு' என்று சொல்லிப் பழகிவிட்டது. அதே பழக்கத்தில் இங்கேயும் அதைக் கொஞ்சம் தள்ளிப்போடுகிறேன். முதலில் படம்.

வயநாட்டிலிருந்து கொச்சிக்கு

புருஷன் என்ற இளைஞன் டில்லிக்குப் புறப்படுகிறான். போகும் இடத்திலிருந்தெல்லாம் கடிதம் எழுதுவதாக அம்மாவிடம் வாக்குக் கொடுத்திருக்கிறான். வயநாட்டு மலைப்பாதையில், தூக்கில் தொங்கி இறந்துபோன ஓர் இளைஞனின் உடலைப் போலீசார் கண்டெடுக்கும்போது புருஷனும் அங்கே இருக்கிறான். எங்கோ பார்த்த முகம். யார் என்று நினைவுக்கு வரவில்லை. அந்த முகம் அவனை விடுவதாக இல்லை. டில்லிப் பயணத்தைக் கைவிடுகிறான்.

விசாரித்துக்கொண்டே போகையில் தெரிகிறது: இறந்தவன் ஹரி, தபேலா வாசிப்பவன். தீவிர அரசியலில் இறங்கி, காவல்துறையின் சித்திரவதைக்கு ஆளானவன். அவன் அம்மா கொச்சியில் இருக்கிறார். அவரிடம் செய்தியைச் சொல்லவேண்டும்.

புருஷன் தனியாகப் போகவில்லை. வழியில் ஹரியைத் தெரிந்த ஒவ்வொருவரையும் தேடிப் போகிறான். ஒருவர் இன்னொருவரைக் கைகாட்டுகிறார். கோழிக்கோடு, கொடுங்ஙல்லூர் என்று ஊர்கள் மாறுகின்றன. ஒவ்வோர் ஊரிலும் சிலர் கூட்டத்தில் சேர்ந்துகொள்கிறார்கள். கிளம்பும் ஒவ்வொருவனும் தன் வீட்டில் தன் அம்மாவிடம் சொல்லிக்கொண்டு கிளம்புகிறான். அதனால் படம் முழுக்க அம்மாக்கள். வாசலில் நிற்கும் அம்மா, அடுக்களையிலிருந்து எட்டிப் பார்க்கும் அம்மா, மகன் முகத்தைப் பார்த்தே ஏதோ சரியில்லை என்று தெரிந்துகொள்ளும் அம்மா. மலையில் ஒருவனாகத் தொடங்கிய பயணம் கடற்கரைக்கு வந்து சேரும்போது பெருங்கூட்டமாகிவிடுகிறது.

ஒரு ரூபாய் தயாரிப்பாளர்கள்

படம் பிறந்த விதம் அதன் கதையைவிட வியப்பானது. 1984-இல் கோழிக்கோட்டில் ஜானும் நண்பர்களும் சேர்ந்து 'ஒடேசா' என்ற பெயரில் ஒரு கூட்டமைப்பைத் தொடங்கினார்கள். சினிமா படித்தவர்களுக்கு ஒடேசா என்றதும் 1925-இல் ஐசென்ஸ்டைன் எடுத்த 'பேட்டில்ஷிப் பொட்டெம்கின்' படத்தின் படிக்கட்டுக் காட்சிதான் ஞாபகம் வரும்.

தயாரிப்பாளர் ஒருவரைப் பிடித்து அவர் சொல்வதற்கெல்லாம் தலையாட்டுவதில் இவர்களுக்கு விருப்பமில்லை. படத்தைப் பார்க்கப்போகிறவர்களே படத்துக்குப் பணம் போடட்டும் என்று முடிவெடுத்தார்கள். ஊர் ஊராகப் போனார்கள். பறை கொட்டி ஆளைக் கூட்டினார்கள். தெருநாடகம் போட்டார்கள். சாப்ளினின் 'தி கிட்' படத்தைத் திரையிட்டுக் காட்டினார்கள். பிறகு துண்டை ஏந்தினார்கள். ஒரு ரூபாய் கொடுத்தவரும் உண்டு. கொடுத்த ஒவ்வொருவரும் தயாரிப்பாளர்தான்.

படம் முடிந்ததும் அதே ஊர்களுக்குப் படச்சுருளோடு திரும்பிப் போய், காசு கொடுத்தவர்களுக்கே போட்டுக் காட்டினார்கள். இன்று 'கிரவுட் ஃபண்டிங்' என்று இணையத்தில் செய்வதை அவர்கள் அன்று காலால் நடந்து செய்தார்கள். ஒரு வித்தியாசம் மட்டும் உண்டு. இணையத்தில் பணம் போட்டவரை நாம் பார்ப்பதேயில்லை. அவர்கள் பணம் கொடுத்தவரின் கண்ணுக்கு முன்னால் போய் நின்றார்கள்.

கழுதைக்காரர்

ஜான் ஆபிரகாம் என்ற பெயர் தமிழ் வாசகர்களுக்கு வேறொரு வழியிலும் அறிமுகம். 1977-இல் அவர் தமிழில் எடுத்த படம் 'அக்ரகாரத்தில் கழுதை'. எழுதியவர் விமர்சகர் வெங்கட் சாமிநாதன். தாயை இழந்த ஒரு கழுதைக்குட்டியைப் பேராசிரியர் ஒருவர் எடுத்து வளர்க்கிறார். ஊரில் எது நடந்தாலும் பழி கழுதை மேல் விழுகிறது. அடித்துக் கொன்றுவிடுகிறார்கள். பிறகு அதையே தெய்வமாக்கிக் கோயில் கட்ட நினைக்கிறார்கள். பேராசிரியராக நடித்தவர் இசையமைப்பாளர் எம்.பி. சீனிவாசன். சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது கிடைத்தது. கூடவே கடும் எதிர்ப்பும் கிடைத்தது.

ஜான் ஒரு காலத்தில் ஆயுள் காப்புறுதிக் கழகத்தில் வேலை பார்த்தவர். அதை விட்டுவிட்டு புனே திரைப்படக் கல்லூரிக்குப் போனார். அங்கே ரித்விக் கட்டக் அவருக்கு ஆசிரியர். வாழ்நாளில் ஜான் முடித்த முழுநீளப் படங்கள் நான்கே நான்கு. நான்காவது 'அம்ம அறியான்'. அது வெளிவந்த மறு ஆண்டே, 1987 மே 31-ஆம் நாள், கோழிக்கோட்டில் ஒரு கட்டடத்திலிருந்து விழுந்து இறந்துபோனார். அப்போது அவருக்கு வயது ஐம்பதுகூட ஆகவில்லை.

அவரோடு இருந்தவர்கள் பிறகு பெரிய ஆட்கள் ஆனார்கள். ஒளிப்பதிவு செய்த வேணுதான் பின்னாளில் கமல்ஹாசனின் 'குணா'வுக்கும் ஒளிப்பதிவு செய்தவர். குகைக் காட்சிகளை நினைத்துப் பாருங்கள், அந்தக் கண் இங்கேயே தெரியும். படத்தொகுப்பு செய்த பீனா பால் பிற்காலத்தில் கேரள அனைத்துலகத் திரைப்பட விழாவை வழிநடத்தினார். புருஷனாக நடித்த ஜாய் மேத்யூ 2012-இல் 'ஷட்டர்' படத்தை இயக்கினார். அதன் தமிழ் வடிவம்தான் சத்யராஜ் நடித்த 'ஒரு நாள் இரவில்'.

தூங்கிப்போன மாணவி

இப்போது ஓர் உண்மையைச் சொல்லிவிடுகிறேன். ஊடகத்துறை பட்டப்படிப்பில் இந்தப் படத்தை எங்களுக்குப் போட்டுக் காட்டினார்கள். இருபதாவது நிமிடத்தில் நான் தூங்கிவிட்டேன். குளிரூட்டிய அறை, மதியச் சோறு, புரியாத மொழி. தேர்வில் 'பரிசோதனை சினிமா' என்று ஒரு கேள்வி வந்தது. பக்கத்திலிருந்த தோழியின் குறிப்பை மனப்பாடம் செ்திருந்ததால் தப்பித்தேன்.

அந்தக் குறிப்பில் இருந்ததெல்லாம் சரிதான். கதைப்படமும் ஆவணப்படமும் கலந்த வடிவம், தொழில்முறை நடிகர்கள் அல்லாதவர்கள், நிஜ இடங்கள். மருத்துவக் கல்வியை வியாபாரமாக்குவதை எதிர்த்த மாணவர் போராட்டம், கல்குவாரித் தொழிலாளர்களின் பிரச்சினை, 1982-இல் வைப்பின் தீவில் நச்சுச் சாராயம் பலரைக் கொன்ற துயரம் என்று அன்றைய கேரளத்தின் நிஜங்கள் கதைக்குள் நுழைந்து வெளியேறுகின்றன. யாரோ ஒருவர் கதையை நிறுத்திவிட்டுத் தன் கதையைச் சொல்லத் தொடங்குவார். கேமரா பொறுமையாகக் கேட்கும். அடுத்த காட்சி என்னவென்று எடுத்தவர்களுக்கே அப்போதுதான் தெரிந்ததோ என்று நமக்குத் தோன்றும்.

படத்தை விரும்பாதவர்கள் சொல்லும் குறையும் இதுதான்: "கட்டுக்கோப்பு இல்லை. போகிற போக்கில் எடுத்திருக்கிறார்கள்." நானும் அப்படித்தான் நினைத்தேன். போகிற போக்கில் என்றால் என்ன என்று 2014-ஆம் ஆண்டு ஓர் இரவு எனக்குத் தெரியவந்தது.

தாப்பா சாலை

எங்கள் லயத்தில் மூன்று வீடு தள்ளி இருந்தவன் அவன். தமிழ்ப்பள்ளியில் என்னோடு ஒரே வகுப்பு. ஐந்தாம் படிவம் முடித்ததும் மலையைவிட்டு இறங்கி, ஷா ஆலத்தில் ஒரு தொழிற்சாலை வேலைக்குப் போனான். எங்கள் தலைமுறையில் எல்லாரும் இறங்கினோம். தாத்தா பாட்டி காலத்தில் கையால் கொழுந்து பறித்த மலைச்சரிவில் இப்போது இயந்திரத்தால் வெட்டுகிறார்கள். வெட்டுகிறவர்களில் பலர் வங்காளதேசத்திலிருந்தும் நேப்பாளத்திலிருந்தும் வந்தவர்கள். லயத்தில் மிஞ்சியிருப்பவர்கள் பெரும்பாலும் அம்மாக்கள்.

ஒருநாள் மாலை வேலை முடிந்து திரும்பும்போது மோட்டார் சைக்கிள் விபத்து. மருத்துவமனைக்கு நான் போய்ச் சேரும்போது எல்லாம் முடிந்திருந்தது. உடலைப் பெற மறுநாள் ஆகும் என்றார்கள். அவன் அம்மா மட்டும் மலையில், தனியாக. அப்பா முன்பே காலமாகிவிட்டார். அண்ணன் தம்பி இல்லை.

தொலைபேசியில் சொல்வதா? யாருக்கும் மனம் வரவில்லை. வாட்ஸ்ஆப்பில் யாராவது படத்தைப் போட்டுவிட்டால் என்ன செய்வது என்ற பயம் வேறு. நான்கு பேர் ஒரு காரில் கிளம்பினோம். ரவாங்கில் ஒருவன் ஏறிக்கொண்டான். தஞ்சோங் மாலிமில் ஆசிரியர் படிப்பில் இருந்த இரண்டு தோழிகள் விடுதி வாசலில் காத்திருந்தார்கள். கார் போதவில்லை. பீடோரில் ஒருவனுடைய மாமா தன் வேனைக் கொடுத்து, தானும் வந்தார். தாப்பாவில் இன்னும் மூன்று பேர். யாரும் யாரையும் அழைக்கவில்லை. செய்தி எங்களுக்கு முன்னால் போய், ஆட்களை எழுப்பிச் சாலையோரம் நிறுத்தியிருந்தது.

தாப்பாவிலிருந்து ரிங்லெட் போகும் வளைவுகளில் வேன் ஏறும்போது யாரோ சொன்னார்கள்: "நீதான் ரேடியோவுல பேசுறவ. நீயே சொல்லிடு."

நான் வேலைக்குச் சேர்ந்து ஓர் ஆண்டுகூட ஆகியிருக்கவில்லை. வளைவுக்கு வளைவு மனத்துக்குள் ஒரு வாக்கியத்தை எழுதி எழுதி அழித்துக்கொண்டே வந்தேன். விடியும் முன் லயத்துக்குப் போய்ச் சேர்ந்தோம். வேன் சத்தம் கேட்டு அத்தை கதவைத் திறந்தார். வாசல் விளக்கில் எங்கள் எல்லாரையும் பார்த்தார். நான் வாயைத் திறந்தேன். சத்தமே வரவில்லை. ஒருவரும் ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. அவருக்குத் தெரிந்துவிட்டது.

அன்று நான் பேசாமல் நின்றது பல ஆண்டுகள் எனக்குள் உறுத்தலாகவே இருந்தது. பேசுவதுதானே என் தொழில்?

சில ஆண்டுகளுக்குப் பிறகு, ஏதோ ஓர் இரவில் தூக்கம் வராமல் 'அம்ம அறியான்' படத்தை மறுபடி போட்டேன். இம்முறை தூங்கவில்லை. ஒவ்வோர் ஊரிலும் ஓர் ஆள் கூட்டத்தில் ஏறிக்கொள்ளும்போது, இது எந்தச் சாலை என்று எனக்குத் தெரிந்தது. கட்டுக்கோப்பு இல்லை என்று நான் நினைத்தது தவறு. இழவுச் செய்தி கொண்டு போகிறவர்களுக்குத் திரைக்கதை கிடையாது. வழியில் யார் வருகிறார்களோ அவர்கள்தான் கதை. ஜான் அதைச் சரியாக அப்படியே எடுத்திருக்கிறார்.

திடலில் கட்டிய வெள்ளைத் துணி

கடந்த பள்ளி விடுமுறைக்கு வீட்டுக்குப் போனபோது படத்தைப் பென் டிரைவில் எடுத்துப் போயிருந்தேன். அம்மாவுக்குக் காட்டவேண்டும் என்று ஆசை. தோட்டத்தில் வளர்ந்த அவருக்கு சினிமா என்றால் திடலில் கட்டிய வெள்ளைத் துணிதான். சின்ன வயதில் படவண்டி வரும் நாளில் பாயைத் தூக்கிக்கொண்டு ஓடியதை இன்றும் சொல்வார். முன்பக்கம் இடம் கிடைக்காதவர்கள் துணிக்குப் பின்பக்கம் உட்கார்ந்து பார்ப்பார்களாம். அவர்களுக்கு எம்.ஜி.ஆர். இடக்கையால் வாள் வீசுவாராம்.

ஒடேசா நண்பர்கள் கேரளத்தில் செய்ததும் இதே வேலைதான் என்று சொன்னேன். "காசு வாங்குனாங்களா?" என்றார் அம்மா. படம் எடுப்பதற்கு முன்பே வாங்கினார்கள் என்றதும் சிரித்துவிட்டார்.

டிவியில் போட்டேன். பக்கத்து வீட்டிலிருந்து இரண்டு பேர் வந்து உட்கார்ந்தார்கள். அரைமணி நேரம் போயிருக்கும். கதவருகே அத்தை நின்றுகொண்டிருந்தார். மரவள்ளிக் கிழங்கு அவித்துக் கொண்டு வந்திருந்தார். எனக்குக் கை நடுங்கியது. ரிமோட்டை எடுத்து நிறுத்தினேன். அம்மா என்னை முறைத்தார்.

"ஏன் பாப்பா நிறுத்துற? ஓடட்டும்," என்று சொல்லிக் கீழே பாயில் உட்கார்ந்தார் அத்தை.

கதையை யாரோ அவர் காதில் சுருக்கமாகச் சொன்னார்கள். நான் திரையைப் பார்க்கவில்லை, அவரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். "பாஷை பாதிதான் புரியுது" என்றார் ஒருமுறை. சாராயத்தால் செத்தவர்களைப் பற்றிய பகுதியில், "நம்ம சம்சு மாதிரி" என்று தலையாட்டினார். மற்றபடி பேசவில்லை. அழவுமில்லை. பையன்கள் வீடு வீடாகச் சேர்ந்துகொண்டே போவதைக் கவனமாகப் பார்த்தார்.

படம் முடிந்தது. ஒருவரும் எழுந்திருக்கவில்லை. அத்தைதான் முதலில் பேசினார்.

"நீங்க அன்னிக்குப் பதினோரு பேரு வந்தீங்க."

எனக்கே எண்ணிக்கை ஞாபகமில்லை. விரல்விட்டு எண்ணிப் பார்த்தேன். நான்கு, ஒன்று, இரண்டு, வேன் கொடுத்த மாமா, தாப்பாவில் மூன்று. பதினொன்றுதான்.

"அன்னிக்கு நான் ஒண்ணுமே சொல்லல அத்தை. சொல்லணும்னுதான் வந்தேன். வாயே வரல."

"என்னாத்த சொல்லப் போற? கதவத் திறந்தா பதினோரு பேரு நிக்கிறீங்க. ஒருத்தி மட்டும் வந்து சொல்லியிருந்தா நான் நம்பியிருக்க மாட்டேன்." கொஞ்ச நேரம் கழித்து, "அத்தன குளிர்ல ராத்திரியெல்லாம் வந்த புள்ளைங்க. ஒரு தேத்தண்ணிகூட ஊத்திக் குடுக்கல நானு. அதான் இத்தன வருசமா மனசுல கெடக்கு," என்றார்.

பிறகு எழுந்து எங்கள் வீட்டு அடுப்பில் தண்ணீர் வைத்தார். அம்மா தடுக்கவில்லை.

நம்மிடமும் இருக்கிறது

நம் நாட்டுத் தமிழ்ப் படங்கள் இந்த வழியில் நடக்காமல் இல்லை. தீபக் குமரன் மேனனின் 'செம்மண் சாலை' 2005-இல் ரப்பர் தோட்டத்து வாழ்க்கையைச் சிறிய செலவில் சொன்னது. சஞ்சய் குமார் பெருமாளின் 'ஜகாட்' 2015-இல் வந்து, மறு ஆண்டு மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த படத்துக்கான விருதை வென்றது. தோட்டத்தைவிட்டு வெளியே வந்த குடும்பங்களுக்கு என்ன ஆனது என்று அது கேட்டது. கேமரன் மலைக்கு வருகிறவர்களின் கேமராக்கள் தேயிலைச் சரிவின் பச்சையோடு திரும்பிப் போய்விடுகின்றன. லயத்துக் கதவுகளுக்குப் பின்னால் இருக்கும் அம்மாக்களின் கதைகள் இன்னும் எடுக்கப்படவில்லை. கைத்தொலைபேசி வைத்திருக்கும் ஒவ்வொரு தம்பி தங்கையிடமும் இன்று ஜானிடம் இருந்ததைவிட நல்ல கேமரா இருக்கிறது. அவரிடம் இருந்த இன்னொன்று, ஊர் ஊராகப் போய் ஆள் சேர்க்கும் பொறுமை.

படத்தைப் பார்க்க நினைப்பவர்களுக்குச் சில வார்த்தைகள். ஆங்கில வசன வரிகளோடு உள்ள பிரதியைத் தேடுங்கள். கைத்தொலைபேசியில் பார்க்காதீர்கள். முதல் அரைமணி நேரம் மெதுவாகத்தான் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள். அரசியல் பெயர்கள் புரியவில்லை என்றால் கவலைப்படாதீர்கள், முகங்களைப் பாருங்கள். மரணமும் தற்கொலையும் பேசப்படுவதால் சிறு பிள்ளைகளைத் தவிர்த்துவிடுங்கள். முடிந்தால் அம்மாவைப் பக்கத்தில் உட்கார வையுங்கள்.

கொச்சியில் ஹரியின் அம்மா அந்தக் கூட்டத்தை எப்படி எதிர்கொள்கிறார் என்பதை நான் இங்கே சொல்லவில்லை. அதை நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்.

பென் டிரைவ் இன்னும் அம்மா வீட்டு டிவியிலேயே செருகிக் கிடக்கிறது. போன வாரம் தொலைபேசியில் அம்மா சொன்னார்: கீழ் லயத்து ஆட்களும் அந்தப் படத்தைப் பார்க்கவேண்டும் என்கிறார்களாம். அத்தைதான் சொல்லி வைத்திருக்கிறாராம். அடுத்த விடுமுறைக்கு வரும்போது பெரிய வெள்ளைத் துணி ஒன்று வாங்கி வரச் சொன்னார்.